மூவர் வந்தால் திறக்கும் கதவு

சென்ற ஆண்டு நவராத்திரி விடுமுறைக்கு வந்திருந்த என் பெயரன், தலையணை அளவிலான ஓர் ஆங்கிலக் கதைப் புத்தகத்தை மூன்று நாட்களாகக் கீழே வைக்கவில்லை. இலைக்கு முன்னால் உட்கார்ந்தபோதும் அது மடியில் இருந்தது. என்ன கதை என்று கேட்டேன். எங்கோ ஒரு பனிமலைக் குகையில், மந்திர ஆற்றல் கொண்ட பழைய எழுத்துகளைத் தலைமுறை தலைமுறையாகக் காத்துவரும் இரகசியச் சங்கம் ஒன்றைப் பற்றிய கற்பனைக் கதையாம். சங்கத்தில் யார் இருக்கிறார்கள் என்பது ஊராருக்குத் தெரியாது. சபதம் ஏற்றவரன்றி வேறு எவரும் அந்த எழுத்துகளைக் காணக் கூடாது. கண்டால் பார்வை போய்விடும்.

"நம் நாட்டில் இப்படி ஒரு சங்கம் இருந்ததா தாத்தா?" என்றான்.

"பனிமலைக்குப் போக வேண்டாம். எழுத்தைப் பூட்டிவைத்துக் காத்த ஊருக்கு நீயே போயிருக்கிறாய். சென்ற ஆண்டு ஆருத்ரா தரிசனத்துக்கு உன்னைத் தோளில் தூக்க முடியாமல் உன் அப்பா தவித்தாரே, அந்தச் சிதம்பரம்தான்" என்றேன். புத்தகத்தை மூடிவிட்டான். அவனுக்குச் சொன்ன வரலாற்றை வாசக அன்பர்கள் பலரும் அறிந்திருப்பீர்கள். ஆயினும் இன்னொரு முறை சொல்வதற்கு எனக்கு ஒரு காரணம் உண்டு. அது பின்னால் வரும்.

உமாபதி சிவாசாரியார் அருளியதாக வழங்கும் திருமுறை கண்ட புராணம் இச்செய்தியைக் கூறுகிறது. சோழ மன்னன் ஒருவன் தேவாரப் பாடல்களை அடியார் சிலர் ஆங்காங்கே பாடக் கேட்டு உருகுகிறான். அவை முழுவதும் வேண்டும் என்று தேடுகிறான், எங்கும் கிடைக்கவில்லை. அபயகுலசேகரன் என்று புராணம் குறிக்கும் அம்மன்னனை இராசராச சோழன் என்றே மரபு கொள்கிறது. திருநாரையூரில் பொள்ளாப்பிள்ளையார் தம் கையாலேயே நிவேதனம் ஏற்கும் பேறு பெற்ற நம்பியாண்டார் நம்பியை அவன் சென்று பணிகிறான். பிள்ளையார் வழியே நம்பி அறிந்து சொல்கிறார்: தில்லையில், பொன்னம்பலத்தின் அருகே, மூவர் கை அடையாளம் இட்ட அறையில் ஏடுகள் இருக்கின்றன.

அரசன் தில்லைக்கு விரைகிறான். தில்லைவாழ் அந்தணர்கள் கதவைத் திறக்க மறுக்கிறார்கள். காரணம் அச்சமும் அன்று, அலட்சியமும் அன்று. ஏடுகளை வைத்துச் சென்ற மூவரும் வந்தால்தான் திறக்கலாம் என்பது அவர்கள் காத்துவந்த விதி. அப்பரும் சம்பந்தரும் சுந்தரரும் சிவபதம் அடைந்து நெடுங்காலம் ஆகிவிட்டது. அப்படியானால் அந்தக் கதவு என்றுமே திறக்காத கதவு.

வங்கியில் முப்பத்தைந்து ஆண்டுகள் இருந்தவன் என்பதால் இந்த இடம் வரும்போதெல்லாம் எனக்கு ஒரு புன்னகை வரும். காப்பறைக் கதவு ஒருவர் சாவியால் திறக்காது; இரண்டு அதிகாரிகள் இரண்டு சாவிகளோடு வர வேண்டும். பாதுகாப்புப் பெட்டகமும் அப்படித்தான். வாடிக்கையாளர் சாவி ஒன்று, வங்கியின் சாவி ஒன்று. சாவிக்குரியவர் காலமாகி, வாரிசுப் பெயரும் பதிவாகாமல் இருந்தால், சட்டம் கேட்கும் தாள்களையெல்லாம் கொண்டு வரும்வரை மகனே வந்து அழுதாலும் திறக்க மாட்டோம். அழுத மகன்களை நான் பார்த்திருக்கிறேன். ஆகவே தில்லைவாழ் அந்தணர்களை எவரேனும் குறை கூறினால் என் மனம் ஒப்புவதில்லை. பொறுப்பில் இருப்பவன் விதியைத் தன் விருப்பத்துக்கு வளைத்தால், ஒப்படைத்தவன் எதை நம்புவான்?

மன்னனோ, அவன் பெருமைக்கு இதுவே சான்று, கதவை உடைக்கச் சொல்லவில்லை. படை இருந்தது, அதிகாரம் இருந்தது. ஆனால் விதியை மீறாமலேயே விதியைக் கடந்தான். மூவர் திருமேனிகளுக்கு வழிபாடு செய்து, வீதியுலாவாக எழுந்தருளச் செய்து, அறையின் வாயிலுக்கே கொண்டு வந்தான். "மூவரும் வந்துவிட்டார்கள்" என்றான். திருமேனியைக் கல் என்றும் செம்பு என்றும் சொல்லத் துணியாதவர்களிடம் இதற்கு மறுமொழி ஏது? கதவு திறந்தது.

உள்ளே புற்று வளர்ந்திருந்தது.

எண்ணெயைச் சொரிந்து, புற்றைக் கரைத்து, ஏடுகளை எடுத்தார்கள். பெரும்பகுதியைக் கறையான் தின்றுவிட்டிருந்தது. அரசன் கலங்கி நின்றபோது, இக்காலத்துக்கு வேண்டுவனவற்றை மட்டும் வைத்து ஏனையவற்றை யாமே மறைப்பித்தோம் என்ற பொருளில் வானொலி எழுந்தது என்று புராணம் ஆறுதல் சொல்கிறது. சம்பந்தர் 16,000, அப்பர் 49,000, சுந்தரர் 38,000 பதிகங்கள் பாடியதாக மரபுக் கணக்கு. கூட்டினால் 1,03,000. இன்று நம் கையில் இருப்பவை மூவருக்கும் சேர்த்து ஏறக்குறைய 800 பதிகங்கள். நூற்றுக்கு ஒன்றுகூடத் தேறவில்லை.

பெயரன் சிறிது நேரம் பேசாமல் இருந்துவிட்டுச் சொன்னான்: "சங்கத்துக்காரர்கள் எல்லாருக்கும் சபதம் இருந்தது. கறையானுக்குச் சபதம் கிடையாதே தாத்தா."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஏனென்றால் இதே ஏடு நெருப்பில் வேகாத ஏடு அல்லவா! மதுரையில் சமணரோடு நிகழ்ந்த அனல்வாதத்தில், திருநள்ளாற்றுப் பதிகம் எழுதிய ஓலையைச் சம்பந்தப் பெருமான் தீயில் இட, அது பச்சையாகவே நின்றதனால் 'பச்சைப் பதிகம்' என்று பெயர் பெற்றது. புனல்வாதத்தில் வையை வெள்ளத்தை எதிர்த்துச் சென்ற ஓலை திருவேடகத்தில் ஒதுங்கியது. மந்திர எழுத்து என்றால் இதைவிட வேறென்ன? தீயும் நீரும் தொடாத அந்தத் தமிழ், ஒரு பூட்டிய அறைக்குள் எறும்பினும் சிறிய ஓர் உயிருக்கு இரையாயிற்று. அறுபது வயது கடந்தும் இந்த இரண்டு செய்திகளையும் நான் ஒருங்கே வைத்து எண்ணிப் பார்த்ததில்லை. கதைப் புத்தகம் படிக்கும் பிள்ளை ஒருவன் எண்ண வைத்தான்.

அதோடு அவன் விடவில்லை. "நம் ஊர்ப் பூஜை அறையிலும் பட்டுத் துணியில் சுற்றிய கட்டு ஒன்று இருக்கிறதே, அதை யார் திறப்பார்கள்?" என்றான்.

இதுதான் நான் முன்பு சொன்ன காரணம்.

கும்பகோணத்துக்குக் கிழக்கே உள்ள எங்கள் பூர்விக வீட்டில், சுவாமி அலமாரியின் மேல்தட்டில், சிவப்புப் பட்டில் சுற்றிய ஓர் ஓலைச்சுவடிக் கட்டு இருந்தது. 'மந்திரச் சுவடி' என்றுதான் அதற்குப் பெயர். என் பெரியப்பா மட்டும் அதை அறிவார். தேள்கடிக்கும் பாம்புக்கடிக்கும், குழந்தைகளின் இரவு அழுகைக்கும் அவரிடம் ஊரார் திருநீறு வாங்கிப் போவதை நான் சிறுவனாக இருந்தபோது கண்டிருக்கிறேன். உபதேசம் பெறாதவன் கட்டைப் பிரித்தால் குலம் தழைக்காது என்று அவர் சொன்னாராம். அவரோ எவருக்கும் உபதேசம் செய்யாமலே 1987இல் சிவலோகம் சேர்ந்தார். அன்று முதல் அது திறக்கக்கூடியவர் எவருமே இல்லாத பெட்டகம். ஆண்டுதோறும் சரஸ்வதி பூஜையன்று அதைக் கீழே இறக்குவோம். சந்தனம் இடுவோம், குங்குமம் இடுவோம், தீர்த்தம் தெளிப்போம், விழுந்து வணங்குவோம், மறுநாள் மேலே ஏற்றிவிடுவோம். இப்படியே முப்பத்தெட்டு ஆண்டுகள்.

வீட்டைப் பார்த்துக்கொள்பவன் என் ஒன்றுவிட்ட தம்பி. சுவடியைப் பிரித்துப் பார்க்கலாமா என்று நான் தொலைபேசியில் கேட்டதும் அவன் குரல் மாறிவிட்டது. "அண்ணா, நீங்கள் பட்டணத்தில் இருக்கிறீர்கள். இந்த வீட்டில் குடியிருப்பவன் நான். என் மகளுக்கு இப்போதுதான் ஏழாம் மாதம். எது நடந்தாலும் நான்தானே அனுபவிக்க வேண்டும்?" என்றான். எனக்கு வந்த கோபத்தை அடக்கிக்கொண்டேன். அவன் சொன்னதில் நியாயம் இருந்தது.

மறைத்துக் காப்பதை மூடத்தனம் என்று ஒரே சொல்லில் தள்ளிவிட முடியாது. மந்திரத்தை மறைமொழி என்றே தொல்காப்பியர் குறிக்கிறார். வேதத்துக்கு நாம் இட்ட பெயரே 'மறை'. மருந்துக்கடைக்காரர் சில மருந்துகளைச் சீட்டு இல்லாமல் தருவதில்லை அல்லவா, அதைப் போன்றதே உபதேசம். உச்சரிப்பும் ஒழுக்கமும் அறியாதவன் கையில் அகப்பட்டு வெறும் விளையாட்டுப் பொருளாகிவிடக் கூடாது என்பதே பெரியோர் கருத்து.

ஆனால் வேதத்தைக் காத்தவர்கள் அதைப் பெட்டியில் வைத்துக் காக்கவில்லை என்பதையும் பார்க்க வேண்டும். 'எழுதாக் கிளவி' என்பது அதற்கு இன்னொரு பெயர். எழுதவே இல்லை, வாயில் வைத்தார்கள். ஒரே வாக்கியத்தைப் பதமாகப் பிரித்து ஒரு முறை, இரண்டிரண்டு சொற்களாகக் கோத்துக் கிரமமாக ஒரு முறை, முன்னும் பின்னுமாகத் திருப்பி ஜடையாக ஒரு முறை, கனமாக ஒரு முறை என்று ஓதுவார்கள். கன பாடத்தில் ஒன்று இரண்டு, இரண்டு ஒன்று, ஒன்று இரண்டு மூன்று, மூன்று இரண்டு ஒன்று, ஒன்று இரண்டு மூன்று என்று சொற்கள் மடங்கி மடங்கி வரும். ஒரு சொல் தவறினாலும், ஓரெழுத்து மாறினாலும் உடனே காட்டிக் கொடுத்துவிடும். நாங்கள் பேரேட்டில் நெடுக்காகவும் குறுக்காகவும் கூட்டிச் சரிபார்ப்போமே, அதற்கெல்லாம் பாட்டன் முறை இது. இந்த ஓதும் மரபை யுனெஸ்கோ 2003இல் மனித குலத்தின் அரும்பெரும் மரபாக அறிவித்தது. கறையான் ஏற முடியாத இடம் ஒன்று உண்டென்றால் அது மனிதன் நாக்குத்தான்.

தேவாரத்தின் கதையிலும் இதே உண்மை ஒளிந்திருக்கிறது. இராசராசனுக்கு முன்பே, ஒன்பதாம் நூற்றாண்டிலேயே, பல்லவர் காலத்துத் திருவல்லம் கல்வெட்டு திருப்பதியம் பாடுவோரைக் குறிக்கிறது. அறை பூட்டியிருந்த காலத்திலும் கோயில்களில் யாரோ பாடிக்கொண்டுதான் இருந்திருக்கிறார்கள். மன்னன் செவியில் முதலில் விழுந்ததும் அந்தப் பாட்டுத்தானே! யாரும் பாடாமல் இருந்திருந்தால், தில்லையில் ஓர் அறை உண்டென்று தேடத் தோன்றியே இராது. ஏடு கிடைத்த பின்னரும் அதன் பண் மறந்துபோயிருந்தது. திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த பெண்மணி ஒருவரை எருக்கத்தம்புலியூரில் கண்டு, அவரைக் கொண்டே பண்முறை வகுத்தார்கள். கிடைத்த ஏட்டை மன்னன் மறுபடியும் ஓர் அறையில் பூட்டவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் பாட 48 பிடாரர்களையும் கொட்டி இசைக்க இருவரையும் அமர்த்தி, ஆளுக்கு நாளொன்றுக்கு முக்குறுணி நெல் என்று கல்லில் வெட்டி வைத்தான். ஓலையை நம்பியது போதும், ஐம்பது பேரை நம்புவோம் என்று எண்ணினான் போலும்.

வைணவப் பெரியோர் வரலாறும் இவ்வாறே. காட்டுமன்னார்கோயிலில் நாதமுனிகள், குடந்தை ஆராவமுதன் மீது பாடிய பத்துப் பாசுரங்களை யாத்திரிகர் சிலர் பாடக் கேட்டார். ஆயிரம் பாசுரங்களுள் இவை பத்து என்று பாட்டே சொல்கிறது. மீதி எங்கே என்று கேட்டால் அவர்களுக்குத் தெரியவில்லை. குடந்தையில் கேட்டு, பின் ஆழ்வார்திருநகரிக்கே சென்று, கண்ணிநுண் சிறுத்தாம்பைப் பன்னீராயிரம் முறை ஓதித் தவம் இருந்து, நம்மாழ்வாரிடமே நாலாயிரத்தையும் பெற்றார் என்பது குருபரம்பரைச் செய்தி. பெற்றவர் அதையும் மூடி வைக்கவில்லை. மருமக்கள் இருவருக்குக் கற்பித்துப் பண்ணோடு பாடச் செய்தார். அரையர் சேவை அந்த வழியில் வந்ததே. பின்வந்த இராமாநுசர், பதினெட்டு முறை நடந்து பெற்ற திருமந்திரப் பொருளைத் திருக்கோட்டியூரில் எல்லார்க்கும் வெளியிட்டதை நான் விரித்துச் சொல்ல வேண்டியதில்லை.

இவற்றையெல்லாம் தம்பியிடம் சொன்னேன். "எல்லாம் சரி அண்ணா. அவர்களெல்லாம் ஆழ்வார், ஆசாரியர். நாம் யார்?" என்றான். இதற்கும் என்னிடம் விடை இல்லை.

விடை சொன்னவர் எங்கள் ஊர்ச் சிவன் கோயிலில் தேவாரம் பாடும் முதிய ஓதுவார். தம்பி அவரிடம் முறையிடப் போயிருக்கிறான், அண்ணன் பிடிவாதம் செய்கிறார் என்று. அவர் கேட்டுவிட்டு, "தில்லையில் நடந்ததையே நீங்களும் செய்யுங்களேன். உபதேசம் கொடுக்கக் கூடியவர்கள் நால்வர் பிராகாரத்தில் நிற்கிறார்களே" என்றாராம்.

அப்படித்தான் முடிவாயிற்று. தம்பி மகளுக்கு நல்லபடியாகப் பிரசவம் ஆகி, தீட்டுக் கழிந்து, குழந்தையைத் தொட்டிலில் இட்ட பிறகு, இந்த ஆண்டு சித்திரைச் சதயத்தன்று, அப்பர் பெருமான் குருபூசை நாளில், கட்டை நால்வர் சந்நிதிக்கு எடுத்துச் சென்றோம். சுவடியியல் பயின்ற இளம்பெண் ஒருவர் தஞ்சையிலிருந்து வந்திருந்தார். ஓதுவார் பதிகம் பாடினார். தம்பி கண்களை மூடிக்கொண்டான். அந்தப் பெண் பட்டுத் துணியை அவிழ்த்தார்.

அவர் முதலில் சொன்ன சொல் "ஐயோ."

மேல் ஏடுகள் இருபுறமும் பொடியாகியிருந்தன. நடு ஏடுகளில் இராமபாணப் பூச்சி துளைத்த வழிகள் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் வரை நேராக ஓடின. இந்தப் பூச்சிக்கு இராமபிரான் அம்பின் பெயரை வைத்தவர் நல்ல நகைச்சுவையாளராக இருக்க வேண்டும். அந்த நேரத்தில் எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு மூலையில் பதினோரு ஏடுகள் கட்டைபோல ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தன. "இந்த இடத்தில் ஈரம் இறங்கியிருக்கிறது. ஆண்டுக்கொரு முறை ஏதாவது தெளித்தீர்களா?" என்று கேட்டார். நானும் தம்பியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். தீர்த்தம். சந்தனம். முப்பத்தெட்டு சரஸ்வதி பூஜைகள்.

பல ஆண்டுகள் அதைத் தொட்டு வணங்கியவன் நான். வணங்கிய கையே ஒட்டவைத்திருக்கிறது.

பிரிக்க முடிந்த ஏடுகளை அவர் சந்நிதி விளக்கொளியில் சாய்த்துப் படித்தார். பழைய ஏட்டில் மெய்யெழுத்துக்குப் புள்ளி இராது. காலுக்கும் ரகரத்துக்கும் வேறுபாடு தெரியாது. ஆகவே எழுத்துக்கூட்டி, நிறுத்தி நிறுத்தியே படித்தார். நஞ்சு இறங்கும் மந்திரங்கள் சில உண்மையிலேயே இருந்தன. அவற்றை அவர் உரக்கப் படிக்கவில்லை, நாங்களும் கேட்கவில்லை. ஆனால் பெரும்பகுதி வேறு. திருநீற்றுப் பதிகம் இருந்தது. கோளறு பதிகம் இருந்தது. விடந்தீர்த்த பதிகம் இருந்தது. திருமருகலில் பாம்பு தீண்டி இறந்த வணிகனைச் சம்பந்தர் எழுப்பியது அதைப் பாடித்தான். பெரியப்பா தேள்கடிக்குத் திருநீறு கொடுக்கும்போது முணுமுணுத்தது இந்தப் பதிகத்தைத்தானோ! நாடெங்கும் அச்சில் கிடைப்பதை, சின்னக் குழந்தைகள் போட்டிகளில் பாடிப் பரிசு பெறுவதை, நாங்கள் கண்ணை மூடிக்கொண்டு அஞ்சிக் காத்திருக்கிறோம்.

இன்னோர் ஏட்டைப் படித்ததும் அந்தப் பெண் சிரித்துவிட்டார். யாருக்கோ கொடுத்த கடனுக்கான நெல் கணக்கு. இத்தனை கலம் வந்தது, இத்தனை கலம் பாக்கி. தம்பி அப்போதுதான் கண்ணைத் திறந்தான். "வங்கி வேலை நம் குலத்தில் முன்பே இருந்திருக்கிறது அண்ணா" என்றான்.

ஓலையின் ஆயுள் சில நூற்றாண்டுகள்தாம். இதை நம் முன்னோர் நன்கு அறிவர். அதனால்தான் மஞ்சளும் கோவையிலைச் சாறும் விளக்குக் கரியும் கூட்டிப் பூசினார்கள். வசம்பும் கற்பூரமும் உடன் வைத்தார்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, பழுதடையுமுன் புதிய ஓலையில் படி எடுத்தார்கள். படி எடுத்த பின்னரே பழைய ஏட்டை ஆடிப்பெருக்கில் ஆற்றோடு விடுவதோ, நெய்யில் தோய்த்து வேள்வித் தீயில் இடுவதோ செய்திருக்க வேண்டும். காலப்போக்கில் படி எடுப்பது நின்று, ஆற்றில் விடுவது மட்டும் சடங்காக எஞ்சியது. கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலில் வரகுணராம பாண்டியர் சேர்த்து வைத்த சுவடிகளைத் தேடிச் சென்ற உ.வே. சாமிநாதையர், அவை ஏற்கெனவே ஆகமப்படி ஹோமம் செய்யப்பட்டுவிட்டன என்று கேட்டுத் துடித்ததை என் சரித்திரத்தில் எழுதியிருக்கிறார். எரித்தவர் நாத்திகர் அல்லர், பக்தியோடு எரித்தவர். நாங்களும் பக்தியோடுதானே தீர்த்தம் தெளித்தோம்.

ஓலையில் அழிந்தது கல்லில் கிடைத்த அற்புதமும் உண்டு. சம்பந்தர் திருவிடைவாயில் பாடிய பதிகம் ஏடுகள் எதிலும் இல்லை. 1917இல் அத்தலத்துக் கோயில் கல்வெட்டிலேயே அது கண்டெடுக்கப்பட்டது. யாரோ ஒருவர், தம் ஊர்ச் சுவாமி மீது பாடிய பாட்டு ஆயிற்றே என்று, வருகிறவர் போகிறவரெல்லாம் பார்க்கும்படி சுவரில் வெட்டி வைத்தார். அவர் பெயர்கூட நமக்குத் தெரியாது.

வாசகர் இல்லங்களிலும் இத்தகைய கட்டுகள் இருக்கக்கூடும். இருந்தால், இந்த ஆண்டு அதன் மீது சந்தனம் இடாதீர்கள்; தனியே ஒரு தட்டில் இட்டு முன்னால் வையுங்கள். தீர்த்தம் தெளிக்க வேண்டாம். ஒட்டிய ஏட்டைக் கத்தியால் நெம்ப வேண்டாம். எண்ணெயும் நீங்களாகத் தடவ வேண்டாம். தஞ்சை சரசுவதி மகாலிலோ, சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகத்திலோ கேட்டால் வழி சொல்வார்கள். புதுவையில் உள்ள பிரெஞ்சு நிறுவனத்தில் சைவாகமச் சுவடிகள் ஆயிரக்கணக்கில் காக்கப்படுகின்றன. 2005இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் அவை இடம்பெற்றன. சுவடியைக் கொடுத்துவிட வேண்டியதுகூட இல்லை. படம் எடுத்துக்கொண்டு திருப்பித் தரச் சொல்லலாம். நாங்கள் அப்படித்தான் செய்தோம். நஞ்சு இறக்கும் மந்திர ஏடுகளைப் படமெடுக்கத் தம்பி முதலில் சம்மதிக்கவில்லை. அவற்றை எவரும் கேட்டவுடன் காட்டலாகாது என்று எழுதி வாங்கிக்கொண்டு பின்னர் சம்மதித்தான். அதில் நான் தலையிடவில்லை. எல்லாக் கதவையும் ஒரே நாளில் திறந்தாக வேண்டும் என்பதில்லை.

தில்லையைப் பற்றி இன்னொன்றையும் பெயரனிடம் சொல்ல மறந்துவிட்டேன். பின்னர் தொலைபேசியில் சொன்னேன். அதே தில்லையில்தான் மணிவாசகர் திருவாசகத்தைச் சொல்லச் சொல்ல, அந்தணர் வடிவில் வந்த பெருமான் தம் திருக்கையால் எழுதிக்கொண்டார். எழுதி முடித்ததும் அந்தச் சுவடியை எங்கே வைத்தார்? அறையில் பூட்டவில்லை, யாரிடமும் சபதம் வாங்கவில்லை. திருச்சிற்றம்பலமுடையான் எழுதியது என்று கைச்சாத்திட்டுப் பஞ்சாக்கரப் படியிலே வைத்துவிட்டு மறைந்தார். மறுநாள் காலை பூசைக்கு வந்தவர் கண்ணில் அது பட்டது. ஊரே கூடிப் படித்தது. "படியில் வைத்தால் யாராவது எடுத்துக்கொண்டு போய்விட மாட்டார்களா?" என்று கேட்டான் அவன். "எடுத்துப் போய்ப் படிக்கட்டும் என்றுதான் வைத்தாரோ என்னவோ" என்றேன்.

இந்த ஆண்டு சரஸ்வதி பூஜைக்கு ஊருக்குப் போயிருந்தோம். பட்டுத் துணி இல்லை. தூய பருத்தித் துணியில் சுற்றி, வசம்பு இட்ட மரப்பெட்டியில் சுவடி இருந்தது. தம்பி சந்தனப் பேலாவை எடுத்துக்கொண்டு வந்தவன், பழக்கத்தில் கையை நீட்டி, பிறகு நினைவு வந்து, பெட்டிக்கு முன்னால் இருந்த தட்டில் இட்டான். அவன் பேத்தி மடியில் இருந்தாள். விடந்தீர்த்த பதிகத்தை அச்சுப் புத்தகத்தைப் பார்த்துத்தான் பாடினோம். ஓதுவார் எங்கள் பண்ணைத் திருத்திக்கொண்டே வந்தார்.

ஒட்டிய பதினோரு ஏடுகள் மட்டும் தஞ்சையில் இருக்கின்றன. அவசரப்பட்டால் எழுத்து உரிந்து வந்துவிடும், மாதக் கணக்கில் ஆகும் என்று அந்தப் பெண் சொல்லியிருக்கிறார். யார் சுவடியைத் திறக்கவே கூடாது என்றானோ அந்தத் தம்பிதான் வாரம் தவறாமல் எனக்குத் தொலைபேசி செய்கிறான்.

"பிரிந்தனவா அண்ணா?"

"இரண்டு பிரிந்திருக்கின்றன. ஒன்பது பாக்கி."

"அந்த இரண்டில் என்ன இருக்கிறது?"

"ஒன்று நெல் கணக்கு. மற்றொன்றைப் படித்துக்கொண்டிருக்கிறார்கள்."